பத்தின் அடுக்கும் பைந்தமிழ் எண்ணும்

எண்ணையும் எழுத்தையும் இரு கண்களாகப் போற்றி வந்தது தமிழ் மரபு. ஆனால் இன்றைய கல்விக்கூடங்களில் எழுத்து தமிழ்த்துறைக்கும் எண் கணிதத்துறைக்கும் எனப் பாகப்பிரிவினை நிகழ்ந்துவிட்டது. அதன் விளைவை வகுப்பறைகளில் நாள்தோறும் காண்கிறோம். இலக்கியம் பயிலும் மாணவர், அறிவியற் கட்டுரை ஒன்றில் 6.02 × 10²³ என்னும் எண்ணைக் கண்டதும் அதனைப் படியாமலேயே கடந்து செல்கின்றார். அறிவியல் பயிலும் மாணவரோ அதனை மனப்பாடம் செய்து விடைத்தாளில் எழுதிவிடுகின்றார். அவ்வெண் எத்துணைப் பெரிது என வினவினால் விடையின்றி நிற்கின்றார். ஒருவர் எண்ணுக்கு அஞ்சுகின்றார். மற்றவர் எண்ணைச் சுமக்கின்றார். இருவரும் அதனை அறிந்தாரல்லர்.

பேரெண்களையும் நுண்ணிய எண்களையும் பத்தின் அடுக்குகளால் எழுதும் முறையை அறிவியற் குறியீடு என்பர். தமிழ் எண்ணுப்பெயர்கள் அமைந்துள்ள முறையே இக்குறியீட்டைக் கற்பதற்கு நல்ல வழிகாட்டி என்பதையும், இதனைச் செவ்வனே அறியாதவிடத்து எண்கள் நூறு மடங்கும் ஆயிரம் மடங்கும் பிழைபடும் என்பதையும் எடுத்துக்காட்டுவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

முந்நூறும் நூற்று மூன்றும்

முந்நூறு, நூற்று மூன்று என்னும் இரண்டையும் ஒப்புநோக்குக. இரண்டிலும் உள்ள எண்கள் மூன்றும் நூறுமே. ஆயினும் முந்நூறு என்பது 300. நூற்று மூன்று என்பது 103. சிறிய எண் முன்னும் பெரிய எண் பின்னும் நின்றால் பெருக்கல் பொருள் தோன்றுகின்றது. பெரிய எண் முன்னும் சிறிய எண் பின்னும் நின்றால் கூட்டல் பொருள் தோன்றுகின்றது. முப்பது என்பதில் 3 × 10. பதின்மூன்று என்பதில் 10 + 3. கூட்டுக, பெருக்குக என ஏவும் சொல் எதுவும் இல்லை. சொற்கள் நிற்கும் வரிசையே கணக்கை உணர்த்திவிடுகின்றது. எண்ணுப்பெயர்கள் ஒன்றோடொன்று புணரும் முறையைத் தொல்காப்பியர் குற்றியலுகரப் புணரியலில் விரித்துரைக்கின்றார். புணர்ச்சி விதியாக நாம் மனப்பாடம் செய்யும் அப்பகுதிக்குள் ஒரு கணக்கு முறையும் உறைகின்றது என்பது கருதத்தக்கது.

பழந்தமிழ் எண்குறிகளும் இவ்வழியிலேயே இயங்கின. பத்துக்கு ௰, நூற்றுக்கு ௱, ஆயிரத்துக்கு ௲ எனத் தனிக் குறிகள் இருந்தன. ௩௱ என எழுதினால் முந்நூறு. ௱௩ என எழுதினால் நூற்று மூன்று. 2345 என்னும் எண் ௨௲௩௱௪௰௫ என எழுதப்பட்டது. அதாவது 2 × 1000, 3 × 100, 4 × 10, 5 ஆகியவற்றின் கூட்டுத்தொகை. இம்முறையில் சுழியம் தேவைப்படவில்லை. 2005 என்பதை ௨௲௫ என எழுதினால் போதும். எத்தனை என்பதை முதலிலும், எந்த அளவின் மடங்கு என்பதை அடுத்தும் சொல்லும் இவ்வமைப்பை மாணவர் நெஞ்சில் நிறுத்துதல் வேண்டும். அறிவியற் குறியீட்டின் அமைப்பும் இதுவேயாகும்.

ஈண்டு ஓர் எச்சரிக்கையும் தேவை. தொண்ணூறு என்னும் சொல்லில் நூறு ஒலிக்கின்றது. ஆனால் அதன் மதிப்பு 9 × 10. தொள்ளாயிரம் என்பதில் ஆயிரம் ஒலிக்கின்றது. ஆனால் அதன் மதிப்பு 9 × 100. பெயரின் ஒலியைக் கொண்டு அளவை முடிவு செய்தல் எப்போதும் பொருந்தாது என்பதற்கு இவ்விரு சொற்களே சான்றாகும்.

பத்தின் அடுக்குகள்

பத்தைப் பத்தால் பெருக்கினால் நூறு. இதில் பத்து இரண்டு முறை வருவதால் 10² என எழுதுகிறோம். ஆயிரத்தில் பத்து மூன்று முறை வருகின்றது. எனவே அது 10³. கீழே நிற்கும் பத்து அடிமானம் எனப்படும். மேலே சிறிதாக எழுதப்படும் எண் அடுக்கு எனப்படும். அடுக்கை இவ்வாறு மேலே எழுதும் வழக்கம், பிரெஞ்சு அறிஞர் தெகார்த்தே 1637ஆம் ஆண்டு வெளியிட்ட வடிவியல் நூலின் வழியாகப் பரவியது.

பத்தின் அடுக்குகளை ஒன்றோடொன்று பெருக்கும்போது அடுக்குகளைக் கூட்டுதல் வேண்டும். 10² × 10³ என்பதை விரித்தால், முதலில் இரண்டு பத்துகள், பின்னர் மூன்று பத்துகள், ஆக ஐந்து பத்துகள். எனவே விடை 10⁵. இவ்விதியைத் தமிழர் ஒவ்வொருவரும் பேச்சில் கையாண்டே வருகின்றனர்:

பதினாயிரம் = 10¹ × 10³ = 10⁴
நூறாயிரம், அதாவது இலட்சம் = 10² × 10³ = 10⁵
பத்து இலட்சம் = 10¹ × 10⁵ = 10⁶
நூறு இலட்சம், அதாவது கோடி = 10² × 10⁵ = 10⁷
நூறு கோடி = 10² × 10⁷ = 10⁹
இலட்சம் கோடி = 10⁵ × 10⁷ = 10¹²

அரசின் வரவு செலவுத் திட்டம் இத்தனை இலட்சம் கோடி என்று செய்தியில் கேட்கும்போது, ஐந்தையும் ஏழையும் கூட்டிப் பன்னிரண்டாம் அடுக்கு என உணர்பவர் எத்துணைப் பேர்? பேச்சில் அடுக்கிச் சொல்வதைத்தான் குறியீடு அடுக்காக எழுதிக் காட்டுகின்றது.

பத்தால் பெருக்கினால் ஒரு சுழியத்தைச் சேர்த்தால் போதும் எனத் தொடக்கப்பள்ளியில் கற்கிறோம். 25ஐப் பத்தால் பெருக்க 250 வருவது உண்மையே. ஆனால் 2.5ஐப் பத்தால் பெருக்கி 2.50 என எழுதினால் எதுவும் மாறவில்லை. சரியான விடை 25. உண்மையில் நிகழ்வது யாதெனில், ஒவ்வோர் இலக்கமும் ஓர் இடம் உயர்ந்து அமர்கின்றது. ஒன்றாம் இடத்து இலக்கம் பத்தாம் இடத்துக்கும், பத்தாம் இடத்து இலக்கம் நூறாம் இடத்துக்கும் செல்கின்றன. காலியான இடத்தைச் சுழியம் காக்கின்றது. தசமப்புள்ளி வலப்புறம் நகர்வது போல நம் கண்ணுக்குத் தோன்றுவதற்கும் இதுவே காரணம்.

ஒவ்வோர் இடமும் முன்னதன் பத்து மடங்கு என்னும் இக்கருத்தை ஆரியபட்டர் கி.பி. 499ஐ ஒட்டிய தம் நூலில் குறித்துள்ளார். கி.பி. ஒன்பதாம் நூற்றாண்டில் பக்தாத் நகரில் கலீபா மஃமூன் காலத்தில் வாழ்ந்த அல் குவாரிஸ்மி, இந்திய எண் முறையை விளக்கித் தனி நூலே எழுதினார். அதன் அரபு மூலம் மறைந்துவிட்டது; பன்னிரண்டாம் நூற்றாண்டில் செய்யப்பட்ட இலத்தீன் மொழிபெயர்ப்பின் வழியே ஐரோப்பா இம்முறையைக் கற்றது. அவர் பெயரின் இலத்தீன் வடிவமே இன்று கணிப்பொறித் துறையினர் வழங்கும் அல்காரிதம் என்னும் சொல்லாயிற்று.

அறிவியற் குறியீட்டின் இரு பகுதிகள்

அறிவியற் குறியீட்டில் ஓர் எண் இரு பகுதிகளாகப் பிரிகின்றது. முதற்பகுதி ஒன்றுக்குக் குறையாமலும் பத்தை எட்டாமலும் இருத்தல் வேண்டும். இரண்டாம் பகுதி பத்தின் அடுக்கு. நிலவின் சராசரித் தொலைவு ஏறத்தாழ 3,84,400 கிலோமீட்டர். முதல் இலக்கமாகிய மூன்றின் பின் புள்ளியை வைத்து, அதன் வலப்புறம் எத்தனை இலக்கங்கள் உள்ளன என எண்ணுக. ஐந்து உள்ளன. எனவே 3.844 × 10⁵ கிலோமீட்டர். உலக மக்கள்தொகை 2022 நவம்பரில் 800 கோடியை எட்டியதாக ஐக்கிய நாடுகள் அவை அறிவித்தது. 800 கோடி என்பது 8 × 10² × 10⁷. அதாவது 8 × 10⁹.

ஒன்றுக்குக் குறைந்த எண்களுக்கு எதிர்மறை அடுக்கு பயன்படுகின்றது. பத்தில் ஒன்று 10⁻¹. நூற்றில் ஒன்று 10⁻². ஆயிரத்தில் ஒன்று 10⁻³. நம் முன்னோர் முந்திரி என்னும் பின்னத்தை வழங்கினர். அதன் மதிப்பு 320இல் ஒரு பங்கு. தசமத்தில் எழுதினால் 0.003125, அறிவியற் குறியீட்டில் 3.125 × 10⁻³. முந்திரியில் ஒரு முந்திரியைக் கீழ்முந்திரி என்றனர். அதனைக் காண, முதற்பகுதிகளைப் பெருக்குக: 3.125 × 3.125 = 9.765625. அடுக்குகளைக் கூட்டுக: −3, −3 ஆகியவை சேர்ந்து −6. எனவே கீழ்முந்திரி ஏறத்தாழ 9.77 × 10⁻⁶. பின்னமாகச் சொன்னால் 1,02,400இல் ஒரு பங்கு. எழுதுகோலும் தாளும் இன்றி இத்துணை நுண்ணிய பின்னங்களை வாய்ப்பாடாகப் பயின்ற திண்ணைப் பள்ளி மாணவரை எண்ணி வியவாமல் இருத்தல் இயலாது.

தசமப் பின்னங்களின் வரலாற்றில் கி.பி. 952ஐ ஒட்டித் திமிஷ்கு நகரில் நூல் எழுதிய அல் உக்லிதிசியும், 1427ஆம் ஆண்டு சமர்கந்து நகரில் கணிதத்தின் திறவுகோல் என்னும் பெருநூலை முடித்த அல் காஷியும் மறக்கலாகாதவர்கள். சைமன் ஸ்டெவின் 1585இல் ஐரோப்பியருக்கு இம்முறையை விளக்குவதற்கு முன்னரே இவர்கள் அதனைக் கையாண்டனர்.

சதுரங்கக் கட்டமும் அரிசியும்

சதுரங்கத்தைக் கண்டறிந்தவன் அரசனிடம் வேண்டிய பரிசின் கதை பலரும் கேட்டதே. முதற் கட்டத்திற்கு ஒரு தானியமணி, அடுத்ததற்கு இரண்டு, அதற்கடுத்ததற்கு நான்கு என 64 கட்டங்களுக்கும் இரட்டித்துத் தருமாறு அவன் கேட்டான். அற்பப் பரிசென அரசன் எண்ணினான். பதின்மூன்றாம் நூற்றாண்டின் வரலாற்றறிஞர் இப்னு கல்லிக்கானும் இக்கதையைக் கூறியுள்ளார். இக்கணக்கின் முழு விடையை அவருக்கு முன்பே, கி.பி. 1000ஐ ஒட்டி எழுதிய கால வரலாற்று நூலில் அல் பிரூனி செய்து காட்டினார். அவ்விடை:

1,84,46,74,40,73,70,95,51,615

இதனைப் படிப்போர் இருபது இலக்கங்களைப் பார்ப்பரேயன்றி அளவை உணரார். அறிவியற் குறியீட்டில் எழுதினால் 1.84 × 10¹⁹. இனி இதனைக் கொண்டு கணக்கிட இயலும். நாற்பது அரிசி மணிகள் ஒரு கிராம் எனக் கொள்வோம். அப்படியாயின் ஒரு மணியின் எடை 2.5 × 10⁻² கிராம். முதற்பகுதிகளைப் பெருக்க, 1.84 × 2.5 = 4.6. அடுக்குகளைக் கூட்ட, 19இலிருந்து 2 கழிந்து 17. மொத்த எடை 4.6 × 10¹⁷ கிராம். ஒரு டன் என்பது 10⁶ கிராம். ஆதலின் வகுக்கும்போது அடுக்கைக் கழித்து 4.6 × 10¹¹ டன் எனப் பெறுகிறோம்.

உலகம் முழுவதும் ஓராண்டில் விளையும் அரிசி இக்காலத்தில் ஏறத்தாழ 50 கோடி டன். அதாவது 5 × 10⁸ டன். 4.6ஐ 5ஆல் வகுக்க 0.92; 11இலிருந்து 8ஐக் கழிக்க 3. விடை 0.92 × 10³. முதற்பகுதி ஒன்றுக்குக் குறைந்துவிட்டமையால் அதனைச் செப்பனிட்டு 9.2 × 10² என எழுதுதல் வேண்டும். ஏறத்தாழத் தொள்ளாயிரம் ஆண்டுகள் உலகத்தார் யாவரும் விளைவிக்கும் அரிசி முழுவதையும் கொட்டினால்தான் அப்பரிசைத் தர இயலும்.

இப்போது கட்டுரையின் தொடக்கத்தில் கண்ட எண்ணுக்கு வருவோம். 6.02 × 10²³ என்பது அவகாட்ரோ எண். இதன் மதிப்பு 6.02214076 × 10²³ எனத் துல்லியமாக வரையறுக்கப்பட்டு 2019 மே மாதம் முதல் நடைமுறையில் உள்ளது. ஏறத்தாழ 18 கிராம் தண்ணீரில் இத்தனை மூலக்கூறுகள் உள்ளன. பெரிய கரண்டி ஒன்றில் ஏந்தும் அளவே அது. இவ்வெண்ணைச் சதுரங்கத்தின் எண்ணால் வகுத்துப் பார்ப்போம். 6.02ஐ 1.84ஆல் வகுக்க 3.27, 23இலிருந்து 19ஐக் கழிக்க 4. விடை 3.27 × 10⁴. அரசனால் கொடுக்க இயலாத அத்துணை அரிசி மணிகளையும் போல ஏறத்தாழ முப்பத்து மூவாயிரம் மடங்கு மூலக்கூறுகள் ஒரு கரண்டித் தண்ணீருக்குள் அடங்கியுள்ளன. மனப்பாடமாக இருந்த எண் இங்கே பொருளுடைய எண்ணாகின்றது.

பெயர்கள் தடுமாறும் இடம்

பேரெண்களுக்குத் தமிழில் பெயர்ப் பஞ்சம் இருந்ததில்லை. ஐ, அம், பல் என முடியும் எண்ணுப்பெயர்களைத் தொல்காப்பிய எழுத்ததிகாரம் சுட்டுகின்றது. அவை தாமரை, வெள்ளம், ஆம்பல் என உரையாசிரியர்கள் விளக்கினர். பரிபாடலின் இரண்டாம் பாடலிலும் நெய்தல், குவளை, ஆம்பல், சங்கம், கமலம், வெள்ளம் ஆகியவை காலப் பேரளவைக் குறிக்க வருகின்றன. பொய்கையில் நிறைந்து பூத்த மலர்களையும் கரை காணா நீரையும் கண்ட உள்ளம் அவற்றையே எண்ணுக்குப் பெயராக்கியது அழகே. அல் பிரூனியும் 1030ஐ ஒட்டி எழுதிய இந்தியா பற்றிய நூலில், இந்தியர் பதினெட்டு இடங்கள் வரை எண்ணுக்குப் பெயரிட்டு வழங்கியதைக் குறித்துள்ளார்.

ஆயினும் பெயர் ஒன்றாகவும் அளவு வேறாகவும் இருப்பின் என் செய்வது? இன்றும் இத்தடுமாற்றம் உண்டு. பில்லியன் என்னும் சொல் அமெரிக்காவில் 10⁹ஐக் குறித்தது. பிரிட்டனில் நெடுங்காலம் 10¹²ஐக் குறித்தது. 1974இல்தான் பிரிட்டிஷ் அரசு 10⁹ என்னும் பொருளைத் தன் புள்ளிவிவரங்களுக்கு ஏற்றது. அதற்கு முற்பட்ட ஆங்கில நூலை மொழிபெயர்ப்பவர் இதனை அறியாவிடில் பிழை ஆயிரம் மடங்காகும்.

செய்தியையும் அறிவியலையும் தமிழாக்குவோர்க்கு மற்றோர் இடர் உண்டு. மேலையோர் எண்பெயர்கள் மும்மூன்று அடுக்காக ஏறுகின்றன. நம்முடையவை ஆயிரத்துக்கு மேல் இவ்விரண்டு அடுக்காக ஏறுகின்றன. மில்லியன் என்பது 10⁶. அது பத்து இலட்சம். பில்லியன் என்பது 10⁹. அது நூறு கோடி. டிரில்லியன் என்பது 10¹². அது இலட்சம் கோடி. பில்லியனைக் கோடி என எழுதிவிட்டால் உண்மை நூறில் ஒரு பங்காகச் சுருங்குகின்றது. வறட்சி நிவாரணமாயினும் நோய்த்தடுப்பு ஊசியின் எண்ணிக்கையாயினும், படிப்பவர் அதனை நம்பியே கருத்தை அமைத்துக் கொள்கின்றார். பெயருக்கு முன் அடுக்கை எழுதிப் பார்த்து, அதன் பின்னர் தமிழ்ப் பெயரைத் தேர்வது இப்பிழையைத் தவிர்க்கும்.

பேரடுக்குகளிடையே உள்ள இடைவெளியையும் உணர்தல் வேண்டும். 6க்கும் 9க்கும் வேறுபாடு மூன்றே எனக் கருதலாகாது. 10⁶ வினாடிகள் பதினொன்றரை நாள்களுக்குச் சற்று மிகுதி. 10⁹ வினாடிகளோ முப்பத்தொன்றரை ஆண்டுகளுக்கும் மேலாகும். முன்னது ஒரு விடுமுறைக் காலம். பின்னது ஓர் ஆசிரியரின் பணிக்காலம்.

மாணவர் கருத்திற்கொள்ள வேண்டியவை

முதலாவது, 10³ என்பதைப் பத்து பெருக்கல் மூன்று எனக் கொண்டு 30 என எழுதுதல் பெரும்பிழை. பத்தினை மூன்று முறை எழுதிப் பெருக்குதலே அதன் பொருள்.

இரண்டாவது, அடுக்குகளைக் கூட்டும் விதி பெருக்கலுக்கே உரியது. 10³ + 10³ என்பது 10⁶ ஆகாது. ஆயிரமும் ஆயிரமும் இரண்டாயிரமே. கூட்டுவதாயின் முதலில் அடுக்குகளைச் சமமாக்குதல் வேண்டும். 4.6 × 10⁵ உடன் 3 × 10⁴ஐக் கூட்ட, பின்னதை 0.3 × 10⁵ என மாற்றி 4.9 × 10⁵ எனப் பெறுக. இலட்சத்தை இலட்சத்தோடும் ஆயிரத்தை ஆயிரத்தோடும் கூட்டும் வணிகர் வழக்கமே இது.

மூன்றாவது, 46 × 10⁴ என்பது மதிப்பளவில் சரியாயினும் அறிவியற் குறியீடாகாது. 4.6 × 10⁵ என்பதே உரிய வடிவம். எல்லோரும் ஒரே வடிவில் எழுதினால்தான் அடுக்கைப் பார்த்த மாத்திரத்தில் எது பெரிது என ஒப்பிட இயலும்.

நான்காவது, தேவையற்ற இலக்கங்களைச் சேர்த்தலாகாது. ஓர் ஊரின் மக்கள்தொகை 4,00,000 எனப்படின், அஃது எண்ணிக் கண்டதா, மதிப்பிட்டதா என்பது விளங்குவதில்லை. 4 × 10⁵ என எழுதினால் முதல் இலக்கம் மட்டுமே உறுதி என்பது பொருள். 4.00 × 10⁵ என எழுதினால் மூன்று இலக்கங்கள் வரை உறுதி என்பது பொருள். அறிந்ததை அறிந்த அளவிலேயே சொல்லும் நேர்மை இக்குறியீட்டுக்குள் அமைந்திருக்கின்றது.

நிறைவாக

தமிழ் பயில்வோர் எண்ணை விலக்குவதும், அறிவியல் பயில்வோர் மொழியை விலக்குவதும் இருசாரார்க்கும் இழப்பே. முந்நூறு என்னும் சொல்லைப் பிரித்துப் புணர்ச்சி கூறும் மாணவர், அதே முயற்சியில் 3 × 10² என எழுதவும் கூடும். இலட்சம் கோடி எனச் செய்தியில் கேட்கும் பெரியோர், ஐந்தும் ஏழும் பன்னிரண்டு எனக் கணித்து அதன் பேரளவை உணரவும் கூடும். தமிழாசிரியர் எண்ணுப்பெயர்ப் புணர்ச்சியை நடத்தும் அன்று கரும்பலகையின் ஓரத்தில் பத்தின் அடுக்குகளையும் எழுதிக் காட்டுவாராயின், இலக்கண வகுப்பும் கணித வகுப்பும் ஒரே மணி நேரத்தில் நிறைவேறும். மாணவச் செல்வங்கள் இனிப் பேரெண் ஒன்றைக் காணும்போது இரு வினாக்களை எழுப்புவார்களாக: முன்னே நிற்பது எத்தனை? பின்னே நிற்பது எத்தனையாம் அடுக்கு? இவ்விரண்டிற்கும் விடை கண்டவர்க்கு எந்த எண்ணும் எட்டாத எண் ஆகாது.